நாலு பேரும் இருக்கினம்

பலேர்மோ
6 மே 1995

அன்புள்ள மகள் சுலக்சனாவுக்கு,

முதலில் என் மானம் போன கதையைச் சொல்லிவிடுகிறேன். வேறு யாரும் சொன்னால் கூட்டித்தான் சொல்லுவார்கள்.

நேற்றுக் காலை லிபெர்த்தா பகுதிக்கு வேலைக்குப் போய்க்கொண்டிருந்தேன். நான் பார்க்கிற கிழவியின் வீட்டுக்கு எதிரே ஒரு நீதிபதி குடியிருக்கிறார். மூன்று வருடத்துக்கு முன் இந்த ஊரில் நீதிபதிகளைக் குண்டு வைத்துக் கொன்ற பிறகு, அப்படியானவர்களின் வாசலில் எல்லாம் இராணுவம் நிற்கிறது. அங்கே நின்ற சிப்பாய் என்னைப் பார்த்து "ஓய்" என்று கை காட்டினான். அவ்வளவுதான். பையைக் கீழே வைத்தேன், தொப்பியைக் கழற்றினேன், சுவரைப் பார்த்துத் திரும்பி இரண்டு கையையும் தூக்கினேன். ஒருவரும் சொல்லவில்லை, ஊர்ப் பழக்கத்தில் உடம்பு தானாகச் செய்தது. அவன் கேட்டது மணி என்ன என்று. தெருவில் போன சனம் நின்று பார்த்தது. பழக்கடைக்காரன் சிரித்தான். நான் சுவரைப் பார்த்தபடியே "எட்டேகால்" என்றேன். கையைத் தூக்கி வைத்திருந்ததில் மணிக்கூடு கண்ணுக்கு நேரே இருந்தது, அது ஒரு வசதி.

உள்ளே போனதும் கிழவி, எங்கள் சிஞ்ஞோரா, கேட்டா, "துரை, கீழை உனக்கு என்ன நடந்தது?" இராஜதுரை என்று முழுப்பெயர் அவவின் வாயில் வராது. வேலைக்காரனைத் துரை என்று கூப்பிடுகிற வீடு உலகத்தில் இது ஒன்றுதான் இருக்கும்.

உன்னுடைய அமெரிக்காவில் ஒரு பெரிய கட்டடத்தைக் குண்டு வைத்துப் பாதியாக்கியதை இரண்டு கிழமையாக ரீவியில் காட்டுகிறார்கள். சிஞ்ஞோராவின் பழைய அட்லசில் உன் ஊருக்கும் அதற்கும் விரலால் அளந்து பார்த்தேன். ஒருமுறை மூன்று விரல் வந்தது, மறுமுறை நாலு. எனக்குக் கணக்கு வராது என்று உனக்குத் தெரியும்தானே. வைத்தவனும் தன் நாட்டின் விடுதலைக்காக என்றுதான் வைத்தானாம். உனக்கு அறை வாடகைக்குத் தந்த வீட்டுக்காரரும் வாசலில் பெரிய கொடி கட்டியிருக்கிறார், ஆட்கள் துவக்கோடு வருகிறார்கள் என்று எழுதியிருந்தாய். பிள்ளை, அது என்ன, இயக்கமா? ஒளிக்காமல் எழுது.

அப்பா

வட மிச்சிகன்
29 மே 1995

அப்பாவுக்கு,

கடிதம் கிடைத்தது. குண்டு வெடித்த இடம் இங்கிருந்து ஆயிரம் மைல். விரலால் அளக்க வேண்டாம்.

வீட்டுக்காரரின் பெயர் டெல்மர். முப்பது வருடம் கார்த் தொழிற்சாலையில் வேலை செய்தவர். மனைவி இறந்துவிட்டா. நான் இங்கே நேர்ஸாக வந்த முதல் பனிக்காலத்தில் என் கார் பள்ளத்தில் இறங்கியபோது இழுத்து எடுத்தவர் அவர்தான். பிறகு மேல்மாடியில் இரண்டு அறை தந்தார்.

இயக்கம் என்று சொல்ல முடியாது. சனிக்கிழமை மத்தியானங்களில் அவருடைய மருமகனும் பக்கத்துப் பண்ணைக்காரரும் பச்சை உடுப்போடு வருவார்கள். காட்டுக்குள் நடப்பார்கள், சுடுவார்கள், திரும்பி வந்து அப்பிள் பை சாப்பிடுவார்கள். தங்களை நாட்டுப்பற்றாளர் என்கிறார்கள். குண்டு வைத்தவனை அவர்களுக்கும் பிடிக்கவில்லை. ஆனால் அரசாங்கத்தையும் பிடிக்கவில்லை. டெல்மர் தன் சட்டைப் பையில் அரசியலமைப்புப் புத்தகம் வைத்திருக்கிறார், நீங்கள் தேவாரப் புத்தகம் வைத்திருப்பது போல. "அரசாங்கம் நாங்கள் வைச்ச வேலைக்காரன். இப்ப அவன் வீட்டுக்காரன் மாதிரி நடக்கிறான்" என்பார்.

துவக்குகள் பற்றி நீதிமன்றத்திலிருந்து வருகிற கடிதங்களை அவர் திறப்பதில்லை. "இந்த விலாசத்தில் அப்படி ஒரு குடிமகன் இல்லை" என்று மேலே எழுதித் திருப்பி அனுப்புகிறார். காருக்கு இலக்கத் தகடும் இல்லை. அரசாங்கத்தின் புத்தகத்தில் பார்த்தால் இந்த வீட்டில் ஒருவரும் இல்லை. போன கிழமை கொடியைத் தலைகீழாகக் கட்டியிருந்தார். பிழையாக்கும் என்று நான் சொன்னேன். "பிழை இல்லை, பிள்ளை. கப்பல் தாழுது எண்டதுக்கு அது அடையாளம்" என்றார். சுற்றிவர நூறு மைலுக்குக் கடலே இல்லை.

எங்களுக்கு என்ன நடந்தது என்று அவர்கள் கேட்டார்கள். 87-இல் ஊரில் குண்டு போட்டதைச் சொன்னேன். அரை மணித்தியாலம் இருந்து கேட்டார்கள். எட்டு வருடத்தில் நான் சொல்லி முடிக்கும்வரை யாரும் கேட்டதில்லை, நீங்களும்தான். நீங்கள் ஒரு பகிடியோடு எழும்பிவிடுவீர்கள்.

அவர்கள் ஒரு பங்கர் வெட்டப் போகிறார்கள். நேராக ஒரு கிடங்கு வெட்டத் தொடங்கினார்கள், அது பிழை என்று நிறுத்தினேன். ஊரில் நீங்கள் வெட்டியதன் அளவுகளை அனுப்புங்கள். கணக்கைத் தவிர மற்றதெல்லாம் உங்களுக்குச் சரியாக வரும்.

சுலக்சனா

பலேர்மோ
20 ஜூன் 1995

அன்புள்ள பிள்ளைக்கு,

ஒன்பதாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவனிடம் அமெரிக்கா படம் கேட்கிறது. மறுக்க மனம் வருமா? மூன்று நாள் மினக்கெட்டுக் கீறி இதற்குள் வைத்திருக்கிறேன். கீறும்போது பெருமையாகத்தான் இருந்தது. இப்போது இதை அனுப்பத்தான் வேண்டுமா என்று இருக்கிறது.

எங்கள் 'ட' எழுத்து மாதிரி வெட்ட வேண்டும். அவருக்கு ஆங்கில எல் என்று சொல். நேராக வெட்டினால் வாசலில் விழுகிற செல் குண்டின் துண்டு கடைசி ஆள்வரை போகும். ஆள் உயரத்துக்கு அரை முழம் கூட. மேலே மரக்குற்றி, குற்றிக்கு மேல் மண்மூட்டை. மிக முக்கியம், வாய் இரண்டு இருக்க வேண்டும். ஒரு வாய் இடிந்தால் மற்ற வாயால் வர வேண்டும். இரண்டாவதைப் பற்றைக்குள் ஒளித்து வை. கதவு போடக்கூடாது. கதவு போட்டால் அது பங்கர் இல்லை, பிரேதப் பெட்டி.

ஒரு விஷயம். 'நாட்டுப்பற்றாளர்' என்று எழுதியிருந்தாய். எங்கள் பக்கத்தில் அந்தப் பட்டத்தைச் செத்த பிறகுதான் இயக்கம் கொடுக்கும், படத்துக்குக் கீழே எழுதுவதற்கு. உயிரோடு இருக்கிற மனிதர் அதைத் தானே எடுத்துப் போட்டுக்கொண்டால் எனக்குப் பயமாக இருக்கிறது. வேலைக்காரன் வீட்டுக்காரனாவது பற்றி அவர் சொன்னதையும் யோசித்தேன். சிஞ்ஞோராவின் வீட்டை எடுக்கும் எண்ணம் எனக்கு இன்னும் வரவில்லை என்று சொல்.

இங்கே எதிர்வீட்டுக் கதை ஒன்று. அந்த வாசலுக்கு முன்னால் கார் நிறுத்தக்கூடாது. தெருவின் அந்தத் துண்டு மட்டும் கூட்டித் துடைத்தது போல வெறுமையாகக் கிடக்கும். காலை பத்து மணிக்கு மூன்றாம் மாடி யன்னலின் மரத்தட்டி ஒரு சாண் உயரும், பிறகு இறங்கும். நான் இங்கே வேலைக்கு வந்து மூன்று வருடம். அந்த நீதிபதியை ஒருநாளும் கண்டதில்லை. மணி கேட்ட சிப்பாய் இப்போது என் சிநேகிதன். "தம்பி, உள்ளுக்கு ஆர் இருக்கினம்?" என்று கேட்டேன். "தெரியாது. காவல் நில் எண்டவை, நிக்கிறன்" என்றான். "அப்ப தட்டியை ஆர் தூக்கிறது?" அவன் மேலே பார்க்கவில்லை. "அதை நாங்கள் கதைக்கிறேல்லை" என்றான்.

அப்பா

வட மிச்சிகன்
4 செப்டெம்பர் 1995

அப்பாவுக்கு,

உங்கள் படம் வந்து சேரக் கிட்டத்தட்ட ஐந்து கிழமை எடுத்தது. உறையின் ஓரம் திரும்ப ஒட்டப்பட்டிருந்தது. படத்தில் இரண்டாவது வாயைச் சுற்றிப் பென்சிலால் மெல்லிய வட்டம். நீங்கள் போட்டதா?

பங்கர் முடிந்தது. மருமகனும் பண்ணைக்காரரும் வெட்டினார்கள். நான் கயிறு பிடித்து அளவு பார்த்தேன். டெல்மர் எங்களூர்ப் பெரியவர்கள் போல நாற்காலியில் இருந்து பிழை சொன்னார். இரண்டாவது வாயை ஒரு முள்ளுப் பற்றைக்குள் வைத்தோம். நானே தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டியிருக்கிறது.

சனிக்கிழமை மத்தியானம் ஒத்திகை. டெல்மர், மருமகன், பண்ணைக்காரர், நான், நாலு பேர். வாய்க்குத் தகரம் போட்டதும் நல்ல இருட்டு. கடைசியாக இறங்குகிறவர் தலைகளைத் தொட்டு எண்ண வேண்டும் என்பது எங்கள் பங்கரில் நீங்கள் வைத்த விதி. அதை அவர்களுக்குச் சொல்லிக் கொடுத்தேன். நான்தான் கடைசி. எண்ணினேன்.

ஐந்து வந்தது.

சிரித்துவிட்டுத் திரும்ப எண்ணினேன். மருமகனின் தொப்பி. பண்ணைக்காரரின் ஒட்ட வெட்டிய தலை. டெல்மரின் மொட்டை, அதில் ஒரு தழும்பு. அதற்கு அங்காலே, வளைவில், ஒரு தலை. என்னுடையதோடு ஐந்து. தகரத்தைத் தள்ளினேன். வெளிச்சத்தில் நாலு பேர்தான்.

நான் பயப்படவில்லை, அதுதான் புதினம். இங்கே வந்த நாள் முதல் நான் ஒழுங்காக நித்திரை கொண்டதில்லை. அன்று அந்த மண்ணில் சாய்ந்து அரை மணித்தியாலம் நித்திரையாகிவிட்டேன். என்னை ஒருவரும் எழுப்பவில்லை.

ஹெலிகொப்டர் சத்தத்தை அவர்களுக்கு முதல் நான் கேட்கிறேன். இரண்டு தரம் சொன்னேன், இரண்டு தரமும் வந்தது. இப்போது அவர்கள் வானத்தைப் பார்ப்பதில்லை, என் முகத்தைப் பார்க்கிறார்கள்.

சுலக்சனா

பலேர்மோ
24 செப்டெம்பர் 1995

அன்புள்ள பிள்ளைக்கு,

வட்டம் நான் போட்டதில்லை. என் வீட்டில் பென்சிலே இல்லை.

தலைக்கணக்கை விடு. எண்ணுகிறவன் தன்னை இரண்டு தரம் எண்ணிவிடுவது வழக்கமான பிழை. அதில் நான் பேராசிரியர், நீயே சாட்சி. பிள்ளை தகப்பனைப் போல வந்துவிட்டாள், வேறென்ன.

ஆனால் அந்த வீட்டை விட்டு வா. ஆஸ்பத்திரிக்குப் பக்கத்தில் ஒரு அறை பார். கடிதத்தைத் திறக்கிறவர்கள் கதவையும் திறப்பார்கள். இதை நான் பகிடியாக எழுதவில்லை.

போன ஞாயிறு எங்கள் ஆட்களோடு சாந்தா ரொசாலியாவின் மலைக்கு நடந்து ஏறினேன். செருப்பில்லாமல், உனக்காகத்தான். அந்தப் புனிதவதி ஒரு குகைக்குள் தனியாக இருந்து செத்தவள். குகையைக் கோயிலாக்கியிருக்கிறார்கள். உள்ளே கூரையிலிருந்து தண்ணீர் சொட்டும். எங்கள் சனம் அங்கே கற்பூரம் கொளுத்தப் பார்த்துப் பாதிரியாரிடம் ஏச்சு வாங்கும். நான் கும்பிடவில்லை. நின்று பார்த்தேன். அந்தக் குகைக்கு ஒரு வாய்தான். ஈரமான கல்லில் கையை வைத்ததும் வெளியே ஓடிவந்தேன். மொரீசியஸ்காரன் தர்மென், என்னோடு ஒரே கட்டடத்தில் இருப்பவன், "துரை அண்ணை, சாமியைக் கண்டு ஓடின முதல் ஆள் நீங்கள்தான்" என்றான். இப்போது எல்லாருக்கும் சொல்லித் திரிகிறான்.

பிள்ளை, அந்த மனிதர் நல்லவராக இருக்கலாம். நல்லவர்களின் வீட்டுக்கு மேலேயும் ஹெலிகொப்டர் நிற்கும். 87-இல் எங்களுக்கு மேல் குண்டு போட்ட நடவடிக்கைக்கு அரசாங்கம் வைத்த பெயர் உனக்கு ஞாபகம் இருக்கும், ஒப்பரேஷன் லிபரேஷன். இப்போது நான் சாமான் தூக்கிக்கொண்டு ஏறுகிற பகுதிக்குப் பெயர் லிபெர்த்தா, அதுவும் விடுதலைதான். அந்தச் சொல்லை எங்கே கண்டாலும் நான் ஒருதரம் மேலே பார்த்துவிட்டுத்தான் நடக்கிறேன்.

வெளியே வா.

அப்பா

வட மிச்சிகன்
22 ஒக்ரோபர் 1995

அப்பா,

"வழக்கமான பிழை." இந்த இரண்டு சொல்லை எப்படி எழுதினீர்கள்?

87-இல் குண்டு விழுந்த அன்று நீங்கள்தான் கடைசியாக இறங்கினீர்கள். சறோஜா சின்னம்மா, நான், அம்மா, நீங்கள் என்று நாலு பேர் இருந்திருக்க வேண்டும். இருட்டில் எண்ணி, "நாலு பேரும் இருக்கினம்" என்று சொன்னீர்கள். அதை நம்பி நான் இருந்தேன். வெளியே வந்தபோது அம்மா கிணற்றடியில் கிடந்தா. நீங்கள் தலையில் அடித்துக்கொண்டு, "என்னை ரெண்டு தரம் எண்ணிப்போட்டன்" என்றீர்கள். அன்றைக்கே அதைச் சொன்னீர்கள், செத்தவீட்டுக்கு வந்தவர்களுக்குச் சொன்னீர்கள், இப்போது பகிடியாகவும் சொல்கிறீர்கள்.

போன சனிக்கிழமை திரும்ப ஒத்திகை நடந்தது. நீங்கள் சொன்ன பிழை வராமல் செய்தேன். முதலில் என் தலையில் இடக்கையை வைத்து 'ஒண்டு' என்றேன். அந்தக் கையை எடுக்கவே இல்லை. வலக்கையால் மற்றவர்களை எண்ணினேன். ஐந்து. வளைவில் இருந்த தலையில் கை நின்றது. கொண்டை போட்ட கூந்தல், நனைந்திருந்தது. இங்கே மூன்று ஆண்கள். ஒருவருக்கும் நாலு விரல் நீளத்துக்கு முடி இல்லை. ஊரில் குண்டு விழுந்த அன்று வெள்ளிக்கிழமை, அம்மா முழுகியிருந்தா.

நான் அவர்களுக்கு அந்தக் கொண்டையைச் சொல்லவில்லை. ஐந்து என்று மட்டும் சொன்னேன். மருமகன் சிரித்தான். டெல்மர் சிரிக்கவில்லை. அடுத்த நாள் போய்ப் பார்த்தேன், பங்கருக்குள் உட்காரப் போட்ட நாலு வாங்குகள் இருந்த இடத்தில் ஐந்து இருந்தன. "இஞ்சை ஒருத்தரையும் வெளியிலை விடமாட்டம்" என்றார்.

நீதிமன்றம் கட்டளை போட்டுவிட்டது. துவக்குகளோடு நவம்பர் இருபதுக்குள் சரணடைய வேண்டும், இல்லாவிட்டால் வந்து பிடிப்பார்கள். மருமகன் சண்டை பிடிக்க வேண்டும் என்கிறான். டெல்மருக்குத் தன் நாட்டின் மேல் உயிர். தன் நாட்டுக்காரர்களே தன்னைச் சுடவருவதை அவரால் நினைக்க முடியவில்லை, இராணுவம் தங்களைச் சுடாது என்று நம்பியிருந்த எங்கள் ஊர் வாத்திமார் போல. நான் போகப்போவதில்லை. ஒரு நேர்ஸ் உள்ளே இருக்கிறாள் என்று தெரிந்தால் சுட யோசிப்பார்கள். எண்ணுகிற வேலையை எனக்குத் தந்திருக்கிறார்கள். நான் சரியாக எண்ணுவேன்.

சுலக்சனா

வட மிச்சிகன்
3 டிசெம்பர் 1995

அப்பா,

இது ஆஸ்பத்திரி விடுதியிலிருந்து. நான் சுகம். ஒரு வெடியும் வெடிக்கவில்லை, முதலில் அதை வாசியுங்கள்.

நீங்கள் ஆஸ்பத்திரிக்கு ரெலிபோன் எடுத்த அன்று உங்களைத் திட்டியதற்கு மன்னிக்க வேண்டும். பின்னால் பெரிய சத்தமாக இருந்தது. வியா மக்வேதா வீதியில் இருக்கிற ரெலிபோன் கடை என்று நினைக்கிறேன், யாரோ இத்தாலியனில் கத்திக்கொண்டிருந்தார்கள். நீங்கள் நாலு தரம் "வெளியிலை வா பிள்ளை" என்றீர்கள். ஐந்தாம் தரம் ஏதோ தொடங்கினீர்கள், பிறகு அங்கே மழையா என்று கேட்டு வைத்துவிட்டீர்கள்.

செவ்வாய் காலை பத்து மணி. பனி கொட்டியிருந்தது. வாகனங்கள் வீதியில் வந்து நின்றன, ஒலிபெருக்கியில் அவருடைய பெயரைக் கூப்பிட்டார்கள். டெல்மர் எங்களை இறங்கச் சொன்னார். மருமகன் துவக்கோடு இறங்கினான், பிறகு பண்ணைக்காரர், பிறகு டெல்மர். நான் கடைசி, தகரத்தை இழுத்து மூடினேன். வளைவுக்கு அங்காலே மண் சரிகிற ஒரு சின்னச் சத்தம் கேட்டது.

எண்ணினேன். இடக்கை என் தலையில், ஒண்டு. தொப்பி, ரெண்டு. ஒட்ட வெட்டிய தலை, மூண்டு. மொட்டைத் தலை இல்லை. அவர் இருந்த வாங்கில் அவர் இல்லை. மற்ற வாயால் ஏறிப் போய்விட்டார். எங்களை உள்ளே வைத்துவிட்டுத் தனியாகப் போவது என்று முதலே நினைத்திருக்கிறார்.

மருமகன் கேட்டான், "மாமா இருக்கிறாரோ?" சுடுவதற்குத் துவக்கின் கொளுவியை அவன் இழுத்த சத்தமும் கேட்டது. இல்லை என்றால் ஓடுவான், சுடுவான். மேலே எத்தனை பேர் என்று தெரியாது. அவன் செத்தால் பண்ணைக்காரரும் போவார். என் வலக்கை இருட்டில் இன்னும் நீட்டியபடி இருந்தது. அதற்கு ஒரு தலை வந்தது. நனைந்த கொண்டை. சூடாக இருந்தது, அப்பா.

"நாலு. எல்லாரும் இருக்கினம்" என்றேன். அவன் துவக்கை மடியில் வைத்தான்.

மேலே டெல்மர் இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு பற்றைக்குள்ளிருந்து எழும்பினாராம். அங்கே இரண்டு பேர் அவருக்கு முதலே வந்து நின்றிருக்கிறார்கள். ஒருவரிடம் ஒரு கடதாசி, அதில் நீங்கள் கையால் கீறிய படத்தின் பிரதி. டெல்மர் அதைப் பார்த்துக் கேட்டாராம், "உது தமிழ் எழுத்தோ?" அவரைக் கொண்டுபோனார்கள். கொஞ்சம் பொறுத்து அவருடைய குரலே ஒலிபெருக்கியில் எங்களைக் கூப்பிட்டது. மருமகன் அழுதபடி வெளியே வந்தான். என்னை இரண்டு நாள் விசாரித்துவிட்டு விட்டார்கள். எத்தனை பேர் உள்ளே இருந்தீர்கள் என்று மூன்று பேர் மூன்று தரம் கேட்டார்கள். மூன்று என்று சொன்னேன், வெளியே வந்தது அவ்வளவுதான்.

இந்த நாலு நாளாக ஒன்றையே யோசிக்கிறேன். தட்டிவான் என்ற பழைய மரப் பஸ் ஓடிய காலத்திலிருந்து பதினெட்டு வருடம் நீங்கள் பஸ்ஸில் கொண்டக்ரர். நின்ற சனம், இருந்த சனம், ஃபுட்போர்ட்டில் தொங்கின சனம் என்று ஒரு பார்வையில் சொல்வீர்கள். ரிக்கெற் செக்கர் ஏறினால் ஒரு தலைகூடக் கணக்கில் பிழைத்ததில்லை என்று அம்மா சொல்லுவா.

அப்பா, உங்களுக்குக் கணக்கு உண்மையாகவே வராதா?

சுலக்சனா

பலேர்மோ
19 டிசெம்பர் 1995

அன்புள்ள பிள்ளைக்கு,

உன் கடிதத்தை லிஃப்டுக்குள் வாசித்தேன். நாலு தரம் மேலே போய்க் கீழே வந்திருக்கிறேன். கடைசியில் அடுத்த வீட்டு வக்கீல் ஏறி, "இறங்கிறீரோ, இல்லை இஞ்சை குடியிருக்கிறீரோ?" என்று கேட்டார். சிஞ்ஞோராவின் பால் புளித்துப்போனது.

என் படம் ஒரு அரசாங்கத்துக்குப் பயன்பட்டிருக்கிறது. தன் ஊரில் ஒரு கக்கூசுக்கும் பிளான் பாஸ் பண்ண முடியாதவன் நான். அந்த மனிதருக்கு நான் செய்தது துரோகமா, உதவியா என்று எனக்குப் பிடிபடவில்லை. சிறையில் அவரைப் பார்க்க விட்டால் போ. நாட்டுப்பற்றாளர் என்ற பட்டத்தை உயிரோடு வைத்திருக்கிற ஒருவரை எனக்கு இப்போதுதான் தெரியும் என்று சொல்.

எதிர்வீட்டுக் காவலை மாற்றிவிட்டார்கள், என் சிப்பாய் போய்விட்டான். தட்டி பத்து மணிக்கு ஏறி இறங்கிக்கொண்டுதான் இருக்கிறது.

நீ கேட்டதற்கு வருகிறேன். பேனாவை மூன்று தரம் மூடிவிட்டேன், பார்.

எனக்குக் கணக்கு வரும்.

அன்று வாய்க்குக் கிட்ட வந்தபோது அம்மா திரும்பினதை நான் கண்டேன். அடையாள அட்டைகளை எடுக்கப் போனா. ஆமி வந்தால் அதைத்தான் முதலில் கேட்பான், அது இல்லாவிட்டால் நாங்கள் ஆட்களே இல்லை. "மலர், விடும்" என்றேன். "ஒரு நிமிசம்" என்றா. முழுகின தலையைச் சுற்றிக் கொண்டை போட்டபடி ஓடினா. அதற்குள் ஹெலிகொப்டர் மேலே வந்துவிட்டது. நான் உள்ளே குதித்தேன். குதித்தேன் என்பதையும் எழுதுகிறேன். பிடித்து இழுத்திருக்கலாம் என்று எட்டு வருடமாக என் கைக்குச் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

நீ படியில் ஒரு காலை வைத்துக்கொண்டு நின்றாய். "அம்மா எங்கை, அப்பா?" என்று கேட்டாய். உனக்குப் பதினாறு வயது, ஓட்டத்தில் பள்ளிக்கூடத்துக்கே நீதான் முதல். நான் ஒரு சொல்லுப் பிசகினால் நீ கிணற்றடிக்கு எட்டுத் தாவலில் போவாய். அதனால் எண்ணுகிறது போல எண்ணினேன். "நாலு பேரும் இருக்கினம்" என்றேன். நீ காலை எடுத்து இருந்தாய். பிறகு அந்தச் சத்தம்.

வெளியே வந்தபோது எனக்கு ஒரு பிழை தேவைப்பட்டது. எண்ணத் தெரியாத தகப்பனை ஒரு பிள்ளை வெறுக்கலாம், வெறுத்துக்கொண்டே வளரலாம். தெரிந்துகொண்டே பொய் சொன்னவனோடு எப்படி ஒரு வீட்டில் சோறு தின்னும் என்று எனக்குத் தெரியவில்லை. அன்றிலிருந்து எனக்குக் கணக்கு வராமல் போனது. கொஞ்ச நாளில் அது பழகியும் போனது, மற்றவர்கள் சிரித்தார்கள், நானும் சிரித்தேன்.

உனக்கு இருட்டில் ஒரு தலை வந்தது. நீ சொன்ன நாலு பொய் இல்லை, அம்மா வந்து இருந்து அதைச் சரியாக்கிவிட்டா. நானும் அன்று கையை நீட்டிக்கொண்டுதான் நின்றேன், நெடுநேரம். சறோஜாவின் தலை வந்தது, உன் தலை வந்தது. பிறகு மண் சுவர்தான் வந்தது. என் தலையில் கையை வைத்தேன். எண்ணி முடிந்தது. சரியாக எண்ணினேன், பிள்ளை. அந்த எண்ணை மட்டும் வாய்விட்டுச் சொல்லவில்லை.

மூண்டு.